பார்மிஜானோ ரெஜ்ஜானோ: ஒரு பாலாடைக்கட்டிக் கூடமும் அதன் எண்ணூறு ஆண்டு வரலாறும்

பார்மிஜானோ ரெஜ்ஜானோ என்பது வட இத்தாலியின் எமிலியா ரொமாஞ்ஞா பகுதியில் பசும்பாலிலிருந்து செய்யப்படும் கடினமான பாலாடைக்கட்டி. பார்மா, ரெஜ்ஜோ எமிலியா, மோதெனா ஆகிய மூன்று மாகாணங்களிலும், பொலோனியா மாகாணத்தில் ரேனோ ஆற்றுக்கு மேற்கே உள்ள பகுதியிலும், மாந்துவா மாகாணத்தில் போ ஆற்றின் வலக்கரைப் பகுதியிலும் செய்யப்படுவதை மட்டுமே இப்பெயரால் அழைக்கலாம். இதைச் செய்யும் இடம் இத்தாலிய மொழியில் கசெயிஃபீச்சோ எனப்படுகிறது. தமிழில் பாலாடைக்கட்டிக் கூடம் எனலாம். பல கூடங்கள் இன்று பார்வையாளர்களை உள்ளே அனுமதித்து, செய்முறையைக் காட்டி, சுவைக்கவும் தருகின்றன.

கூடத்திற்குள் நுழைபவரிடம் பெரும்பாலும் சொல்லப்படும் முதல் வாக்கியம், இங்கு எண்ணூறு ஆண்டுகளாக ஒரே முறையில் பாலாடைக்கட்டி செய்யப்படுகிறது என்பதே. இதில் பாதி உண்மை உண்டு. பால், உப்பு, உறைபொருள் ஆகிய மூன்று மட்டுமே சேர்க்கப்படுகின்றன என்பதும், உருளையின் வடிவமும் மிகப் பழையவை. ஆனால் கொப்பரையைச் சூடாக்கும் நீராவி, தோலில் தெரியும் புள்ளி எழுத்துகள், பெயரின் இரண்டாம் பாதி ஆகியவை அனைத்தும் கடந்த நூற்றைம்பது ஆண்டுகளுக்குள் வந்தவை. எதை மாற்றுவது, எதை மாற்றவே கூடாது என்று வெவ்வேறு காலங்களில் எடுக்கப்பட்ட முடிவுகளின் தொகுப்பே இந்த மரபு. அந்த முடிவுகளை ஒவ்வொன்றாகக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

துறவிகளின் நிலமும் உப்பும்

போ ஆற்றுச் சமவெளியின் பெரும்பகுதி இடைக்காலத்தில் சதுப்பு நிலமாக இருந்தது. பெனடிக்டைன், சிஸ்டெர்சியன் சபைகளைச் சேர்ந்த துறவிகள் அந்நிலங்களில் வடிகால் வெட்டி, புல்வெளிகளாகவும் வயல்களாகவும் மாற்றினர். பார்மாவின் சான் ஜொவான்னி மடம், ரெஜ்ஜோவின் சான் புரோஸ்பெரோ மடம், பார்மாவுக்கு அருகிலுள்ள வல்செரேனா, ஃபொன்டெவீவோ மடங்கள் ஆகியவை இப்பாலாடைக்கட்டியின் தொடக்கத்தோடு இணைத்துப் பேசப்படுகின்றன. ஈரம் மிகுந்த கனமான மண்ணை உழுவதற்கு வலுவான மாடுகள் தேவைப்பட்டன. மாடுகள் பெருகியபோது பாலும் பெருகியது. ஒரு மடத்தின் தேவைக்கு மிஞ்சிய பாலைக் கெடாமல் வைத்திருப்பது எப்படி என்ற கேள்வி அப்போது எழுந்தது.

அதற்கான விடை அருகிலேயே இருந்தது. பார்மாவுக்கு மேற்கே சால்சோமஜ்ஜோரே என்னும் இடத்தில் உப்பு ஊற்றுகள் உள்ளன. அந்த ஊற்றுநீரைக் காய்ச்சி உப்பெடுத்தனர். பாலைத் திரிய வைத்து, திரளைச் சூடாக்கி நீரைப் பெருமளவு வெளியேற்றி, பெரிய உருளையாக அழுத்தி, உப்பிட்டால் அது மாதக்கணக்கில், ஆண்டுக்கணக்கில் கெடாமல் இருக்கும் என்பது அனுபவத்தில் தெரியவந்தது. உருளை பெரியதாக இருந்தால் உட்பகுதி மெதுவாகக் காயும். காற்றுப் படும் பரப்பும் ஒப்பீட்டளவில் குறையும். ஏறக்குறைய 40 கிலோ எடையுள்ள இன்றைய உருளையின் வடிவத்திற்குப் பின்னால் இருப்பது அழகுணர்ச்சியைவிட இந்தத் தேவைதான்.

சந்தைக்கு வந்த பெயர்

கெடாத பொருள் தொலைவு செல்லும். 1254ஆம் ஆண்டில் ஜெனோவா நகரில் எழுதப்பட்ட ஒரு பத்திரத்தில் பார்மாவின் பாலாடைக்கட்டி பெயரோடு குறிப்பிடப்படுகிறது. உயர்குடிப் பெண் ஒருவர் தம் வீட்டைக் கொடுத்து, அதற்கு மாற்றாக ஆண்டுதோறும் 53 இராத்தல் பாலாடைக்கட்டி பெறுவதற்கு ஒப்புக்கொண்ட ஆவணம் அது. கடற்கரை நகரான ஜெனோவாவில் இப்படியொரு ஒப்பந்தம் எழுதப்பட்டிருப்பதால், 13ஆம் நூற்றாண்டிலேயே இது தொலைதூர வணிகப் பொருளாகியிருந்தது என அறியலாம்.

14ஆம் நூற்றாண்டின் நடுவில் பொக்காச்சியோ எழுதிய டெக்கமரான் நூலின் ஒரு கதையில், துருவிய பார்மா பாலாடைக்கட்டியால் ஆன மலை ஒன்று வருகிறது. அதன் மேல் வாழ்பவர்கள் மாவுப் பண்டங்களைச் சமைத்து மலையின் மேலிருந்து உருட்டி விடுகிறார்கள். எளிதில் நம்பும் ஒருவனை ஏமாற்றச் சொல்லப்படும் கற்பனை நாடு அது. கேட்பவருக்கு உடனே நாவில் நீர் ஊற வேண்டுமென்றால் எந்தப் பண்டத்தைச் சொல்ல வேண்டும் என்பது டஸ்கனி எழுத்தாளருக்கு அப்போதே தெரிந்திருந்தது.

புகழ் வந்ததும் போலியும் வந்தது. 1612 ஆகஸ்ட் 7 அன்று பார்மாவின் கோமகன் முதலாம் ரனூச்சியோ ஃபர்னேசேயின் ஆட்சியில், எந்தெந்த இடங்களில் செய்யப்படுவதைப் பார்மாவின் பாலாடைக்கட்டி என அழைக்கலாம் என்பது ஆவணமாகப் பதிவு செய்யப்பட்டது. இன்று நாம் புவிசார் குறியீடு என்று சொல்லும் கருத்தின் மிகப் பழைய முன்னோடிகளில் இதுவும் ஒன்று. அதே நூற்றாண்டில், 1666ஆம் ஆண்டு இலண்டன் பெருந்தீயின்போது, நாட்குறிப்பாளர் சாமுவேல் பீப்ஸ் தம் வீட்டுத் தோட்டத்தில் குழி தோண்டி மதுவோடு பார்மா பாலாடைக்கட்டியையும் புதைத்துக் காப்பாற்ற முயன்றதைப் பதிவு செய்திருக்கிறார். இலண்டனில் அது எவ்வளவு விலையுயர்ந்த பொருளாக இருந்தது என்பதை இதிலிருந்து உணரலாம்.

கூடத்தில் ஒரு காலை

பார்வையாளர்கள் காலையிலேயே வர வேண்டும் என்று கூடங்கள் சொல்வதற்குக் காரணம் உண்டு. பாலாடைக்கட்டி நாளுக்கு ஒரு முறை, காலையில் மட்டுமே செய்யப்படுகிறது. மாடுகளுக்கு விடுமுறை கிடையாது என்பதால் கூடத்திற்கும் விடுமுறை அரிது.

முதல் நாள் மாலையில் கறந்த பால் ஆழமில்லாத அகன்ற தொட்டிகளில் இரவு முழுவதும் அசையாமல் வைக்கப்படுகிறது. மேலே மிதக்கும் ஆடை விடியற்காலையில் நீக்கப்படுகிறது. அவ்வாறு கொழுப்பு குறைந்த மாலைப் பாலோடு, அன்று காலையில் கறந்த முழுப் பாலும் சேர்க்கப்பட்டுக் கொப்பரையில் ஊற்றப்படுகிறது. கொப்பரைகள் செம்பால் ஆனவை. கவிழ்த்து வைத்த மணியின் வடிவம் கொண்டவை. ஒரு கொப்பரையில் ஏறக்குறைய 1100 லிட்டர் பால் பிடிக்கும். அதிலிருந்து இரண்டு உருளைகள் கிடைக்கும். அதாவது ஓர் உருளைக்குச் சுமார் 550 லிட்டர் பால் செலவாகிறது.

அடுத்து முந்தைய நாள் செய்முறையில் எஞ்சிய தெளிநீர், ஓரிரவு புளிக்க வைக்கப்பட்டு, பாலில் கலக்கப்படுகிறது. நம் வீடுகளில் நேற்றைய தயிரில் ஒரு கரண்டி எடுத்து இன்றைய பாலுக்கு உறை ஊற்றுவதைப் போன்றதே இது. அந்தந்தக் கூடத்தின் நுண்ணுயிர்கள் இவ்வாறு ஒரு நாளிலிருந்து மறுநாளுக்குக் கடத்தப்படுகின்றன. மிகப் பழையதாகத் தோன்றும் இம்முறை, இன்றைய வடிவில் ஒழுங்குபடுத்தப்பட்டுப் பரவியது 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலும் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும்தான். அதற்கு முன் பால் தானாகப் புளிப்பதை நம்பியே வேலை நடந்தது. கெட்டுப்போகும் உருளைகளும் அதிகமாக இருந்தன. விறகு நெருப்புக்குப் பதிலாக நீராவியால் கொப்பரையைச் சூடாக்குவதும் ஏறக்குறைய அதே காலத்தில் வந்தது.

கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கப்படும் ரென்னட் என்னும் உறைபொருள் சேர்க்கப்பட்டதும், சுமார் பத்து நிமிடத்தில் பால் கட்டிப்படுகிறது. கசாரோ எனப்படும் தலைமைக் கைவினைஞர், கம்பிக் கூண்டு போன்ற முனையுடைய நீண்ட கருவியால் அதை அரிசிமணி அளவுக்கு உடைக்கிறார். பிறகு வெப்பம் 55 பாகை செல்சியசுக்கு உயர்த்தப்படுகிறது. மணிகள் நீரை இழந்து கொப்பரையின் அடியில் ஒன்றாகப் படிகின்றன. ஏறக்குறைய ஒரு மணி நேரம் கழித்து, மரத் துடுப்பால் அத்திரளை மேலே கிளப்பி, துணியில் ஏந்தி, இரண்டாக வெட்டுகிறார்கள். இத்துண்டுகள் இரட்டையர் என்று அழைக்கப்படுகின்றன. எஞ்சும் தெளிநீரில் ஒரு பகுதி மறுநாள் உறைக்காக வைக்கப்படுகிறது. மீதி ரிகோட்டா செய்யவும் பன்றிகளுக்குத் தீவனமாகவும் பயன்படுகிறது. பார்மாவின் புகழ்பெற்ற உப்பிட்ட பன்றித்தொடை இறைச்சியின் வரலாறு இந்தத் தெளிநீரோடு பின்னிக் கிடக்கிறது.

அச்சில் இறுகிய உருளைகள் சுமார் மூன்று வாரங்கள் உப்புக் கரைசலில் மிதக்கின்றன. அதன் பிறகு கிடங்கு.

பண்ணையாரிடமிருந்து கூட்டுறவுக்கு

18, 19ஆம் நூற்றாண்டுகளில் எமிலியாவின் சமவெளியில் கசெல்லோ எனப்படும் சிறு கூடங்கள் கட்டப்பட்டன. வட்டமாகவோ பல கோணங்களுடனோ அமைந்த இக்கட்டடங்களின் சுவர்களில், செங்கற்களுக்கு இடையே இடைவெளி விட்டு, வலைப்பின்னல் போலக் காற்றோட்டம் அமைத்தனர். பால் இரவில் குளிர்ச்சியாக இருக்கவும் நெருப்பின் புகை வெளியேறவும் இது உதவியது. பார்மா மாகாணத்தின் சொரானியா ஊரில் 1848இல் கட்டப்பட்ட வட்ட வடிவக் கூடம் ஒன்று இன்று பார்மிஜானோ ரெஜ்ஜானோ அருங்காட்சியகமாக உள்ளது. இயங்கும் கூடத்தைப் பார்த்துவிட்டு இதையும் காண்பவருக்கு, எவை மாறின, எவை மாறவில்லை என்பது தெளிவாகும்.

ஓர் உருளைக்கு 550 லிட்டர் பால் வேண்டும் என்ற கணக்குக்கு ஒரு சமூக விளைவு உண்டு. நான்கைந்து மாடுகள் வைத்திருக்கும் சிறு விவசாயி தனியாக இதைச் செய்யவே முடியாது. நீண்ட காலம் பெரிய பண்ணைகளும், அவற்றின் பாலை வாங்கிய வணிகர்களுமே இத்தொழிலை நடத்தினர். சிறியவர்கள் முறைவைத்துப் பாலை ஒன்று சேர்த்துப் பாலாடைக்கட்டி செய்யும் பழக்கமும் இருந்தது. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் எமிலியாவில் கூட்டுறவு இயக்கம் வலுப்பெற்றபோது, இந்த முறைவைப்பு கூட்டுறவுக் கூடங்களாக வளர்ந்தது. பால் ஊற்றுபவர்களே கூடத்தின் உரிமையாளர்கள் ஆனார்கள். இன்று பார்வையாளர் நுழையும் கூடங்களில் பலவும் இத்தகைய விவசாயிகள் சங்கங்களுக்குச் சொந்தமானவை.

பெயருக்கான போராட்டம்

பார்மா, ரெஜ்ஜோ ஆகிய இரு அண்டை நகரங்களும் தத்தம் பெயரையே இப்பண்டத்திற்குச் சூட்டி வந்தன. 1928இல் ரெஜ்ஜோ எமிலியாவில் உற்பத்தியாளர்கள் தங்கள் பாலாடைக்கட்டியைக் காக்க ஒரு கூட்டமைப்பை உருவாக்கினர். 1934இல் பார்மா, மோதெனா, மாந்துவா பகுதியினரும் இணைந்து பொதுவான கூட்டமைப்பு அமைந்தது. 1937இல் பொலோனியாவின் ஒரு பகுதி எல்லைக்குள் சேர்க்கப்பட்டது. 1938இல் பார்மிஜானோ ரெஜ்ஜானோ என்ற இரட்டைப் பெயர் முறைப்படி ஏற்கப்பட்டது. ஆகவே எண்ணூறு ஆண்டுப் பழமை கொண்ட பண்டத்தின் முழுப் பெயருக்கு இன்னும் நூறு வயது ஆகவில்லை. போட்டியாளர்கள் இருவரும் விட்டுக்கொடுத்ததன் அடையாளம் அது.

1951இல் ஸ்ட்ரேசா நகரில் ஐரோப்பிய நாடுகள் சில கையெழுத்திட்ட பாலாடைக்கட்டிப் பெயர்கள் பற்றிய உடன்படிக்கையில் இப்பெயர் இடம்பெற்றது. 1954இல் இத்தாலி தனிச் சட்டம் இயற்றியது. 1964இல் உருளையின் பக்கவாட்டுத் தோல் முழுவதும் புள்ளிகளால் பெயரை அச்சிடும் முறை வந்தது. எந்தத் துண்டை வெட்டினாலும் தோலில் பெயரின் ஒரு பகுதி தெரியும் என்பதால், ஏமாற்றுவது கடினமாயிற்று. 1996இல் ஐரோப்பிய ஒன்றியத்தின் காக்கப்பட்ட மூலப்பெயர்ப் பட்டியலில் இது சேர்ந்தது.

பார்மெசான் என்ற பொதுச்சொல் யாருக்குச் சொந்தம் என்பது அடுத்த வழக்கு. 2008 பிப்ரவரியில் ஐரோப்பிய நீதிமன்றம், அச்சொல் பார்மிஜானோ ரெஜ்ஜானோவை நினைவூட்டுவதே என்று கூறியது. ஆனால் ஜெர்மனி அரசு தானாக முன்வந்து ஒவ்வொரு மீறலையும் தண்டிக்கக் கடமைப்பட்டதல்ல என்றும் அதே தீர்ப்பில் சொன்னது. இதனால் ஒன்றியத்திற்குள் பெயர் காக்கப்பட்டது. அமெரிக்காவிலோ பார்மெசான் இன்றும் யாரும் பயன்படுத்தக்கூடிய பொதுப்பெயராகவே உள்ளது.

மாற்ற மறுத்த ஒரு விதி

நவீனப் பால் பண்ணைத் தொழிலில் பசுந்தீவனத்தைக் காற்றுப் புகாமல் அடைத்துப் புளிக்க வைக்கும் ஊறுகாய்ப் புல் மிகப் பரவலாகப் பயன்படுகிறது. செலவு குறைவு. பாலும் கூடும். ஆயினும் பார்மிஜானோ ரெஜ்ஜானோவுக்குப் பால் தரும் மாடுகளுக்கு அது தடைசெய்யப்பட்டுள்ளது. ஊறுகாய்ப் புல்லில் உள்ள சில நுண்ணுயிர்களின் விதைமணிகள் பாலுக்குள் வந்து, உருளை முதிரும்போது மாதங்கள் கழித்து வாயுவை உண்டாக்கி அதை வெடிப்புறச் செய்யும். இதைத் தடுக்க, அண்டைப் பகுதியின் கிரானா படானோ பாலாடைக்கட்டியில் முட்டையிலிருந்து எடுக்கப்படும் லைசோசைம் சேர்க்க அனுமதி உண்டு. இங்கு அது இல்லை. தீர்வைக் கொப்பரையில் தேடாமல் தொழுவத்தில் தேடியிருக்கிறார்கள். மாடுகளின் உலர்புல், பசும்புல் தீவனத்தில் முக்கால் பங்கு இதே எல்லைக்குள் விளைய வேண்டும் என்ற விதியும் உண்டு. மலைச் சரிவுகளில் புல்வெளிகள் நிலைத்திருப்பதற்கு இவ்விதிகளும் ஒரு காரணம்.

எல்லாம் இவ்வாறு காக்கப்படவில்லை. இப்பகுதியின் பழைய மாட்டினமான சிவப்பு ரெஜ்ஜானா, அதிகம் பால் தரும் கருப்பு வெள்ளை ஃபிரீசியன் மாடுகளுக்கு வழிவிட்டது. 1980களில் அவற்றின் எண்ணிக்கை ஏறக்குறைய ஆயிரமாகச் சுருங்கியது. 1991இல் சிவப்பு மாட்டுப் பாலில் மட்டும் தனியாகப் பாலாடைக்கட்டி செய்து கூடுதல் விலைக்கு விற்கும் முயற்சி தொடங்கியது. அதன் பிறகு எண்ணிக்கை மீண்டது. மாட்டைக் காப்பாற்றியது அந்தக் கூடுதல் விலைதான்.

கிடங்கு: சேமிப்பும் ஆபத்தும்

பார்வையாளரை அதிகம் வியக்க வைப்பது கிடங்கே. கூரை வரை உயரும் மர அடுக்குகளில் ஆயிரக்கணக்கான உருளைகள் வரிசையாக இருக்கும். அவற்றைத் துடைத்துத் திருப்பும் வேலையை இன்று இயந்திரங்கள் செய்கின்றன. குறைந்தது 12 மாதம் முதிர்ந்த பிறகு கூட்டமைப்பின் வல்லுநர் ஒவ்வோர் உருளையையும் சிறு சுத்தியலால் தட்டி ஒலியைக் கேட்கிறார். உள்ளே வெடிப்போ வெற்றிடமோ இருந்தால் ஒலி மாறும். தேறியவற்றுக்கு மட்டும் சூட்டு முத்திரை. இரண்டாம் தரமானவற்றின் தோலில் கோடுகள் இழுக்கப்படுகின்றன. தேறாதவற்றின் தோலிலிருந்து புள்ளி எழுத்துகள் முழுவதும் சீவி எடுக்கப்படுகின்றன. பெயரை இழந்த உருளையின் விலையும் வீழ்ந்துவிடும்.

பாலுக்கான பணம் விவசாயிக்கு இன்று தேவை. உருளை விற்பனையாவதோ ஓராண்டு, ஈராண்டு கழித்து. இந்த இடைவெளியை நிரப்ப, கிரெதெம் என்னும் வங்கி முதிரும் உருளைகளையே ஈடாக ஏற்றுக் கடன் கொடுக்கிறது. ஈட்டு உருளைகளை அதன் துணை நிறுவனத்தின் கிடங்குகள் பராமரிக்கின்றன. நகைக்கடன் போலத்தான். ஆனால் இங்கே ஈடாக வைத்த பொருள் கிடங்கில் இருக்க இருக்க மதிப்பு கூடுகிறது.

2012 மே 20, 29 தேதிகளில் எமிலியாவைத் தாக்கிய நிலநடுக்கங்களில் இந்தச் சேமிப்பின் மறுபக்கம் தெரிந்தது. அடுக்குகள் சீட்டுக்கட்டு போலச் சரிந்து, இலட்சக்கணக்கான உருளைகள் உடைந்தன அல்லது நசுங்கின. 12 மாதம் நிறைவடையாதவற்றைப் பார்மிஜானோ ரெஜ்ஜானோ என்ற பெயரில் விற்கவும் முடியாது. இத்தாலி முழுவதும் மக்கள் சேதமடைந்த துண்டுகளைத் தேடி வாங்கினர். மோதெனாவின் சமையற்கலைஞர் மாஸ்ஸிமோ பொத்தூரா, பெக்கரினோ பாலாடைக்கட்டியும் மிளகும் சேர்ந்த ஒரு ரோமானிய உணவை, அரிசியும் பார்மிஜானோவும் கொண்டு மாற்றி ஒரு செய்முறை வகுத்தார். அவ்வாண்டு அக்டோபரில் பல நாடுகளில் மக்கள் ஒரே இரவில் அதைச் சமைத்தனர்.

தொழுவத்தில் புதிய கைகள்

இத்தொழிலின் கடினமான பகுதி தொழுவத்தில் இருக்கிறது. விடியலுக்கு முன் ஒரு முறை, மாலையில் ஒரு முறை, ஆண்டின் எல்லா நாளும் கறவை. 20ஆம் நூற்றாண்டின் இறுதியில் உள்ளூர் இளைஞர்கள் இவ்வேலையை விட்டு விலகத் தொடங்கினர். அந்த இடத்தைப் பெருமளவில் நிரப்பியவர்கள் பஞ்சாபிலிருந்து சென்ற இந்தியர்கள். மாடு வளர்ப்பு அறிந்த விவசாயக் குடும்பங்களிலிருந்து வந்த சீக்கியர்கள் போ சமவெளியின் தொழுவங்களில் நிலைத்தனர். ரெஜ்ஜோ எமிலியா மாகாணத்தின் நொவெல்லாரா ஊரில் 2000ஆம் ஆண்டில் பெரிய குருத்வாரா ஒன்று திறக்கப்பட்டது. சுற்றுலா விளம்பரங்களில் இவர்களின் முகங்கள் அரிதாகவே தெரிகின்றன. ஆனால் மரபு தொடர்வதற்குத் தேவையான பால் அவர்கள் கைவழியாகவே பெருமளவு வருகிறது.

சுவைத்தல்

பார்வை வழக்கமாகச் சுவைத்தலோடு முடியும். உருளையைக் கத்தியால் அறுப்பதில்லை. பாதாம் பருப்பின் வடிவில் உள்ள குட்டையான கத்திகளைக் குத்தி நெம்பிப் பிளக்கிறார்கள். உட்பகுதி பொடிமணலைப் போலப் பிரிந்து வரும். 12 மாதக் கட்டி மென்மையாக, பாலின் மணத்தோடு இருக்கும். 24 மாதத்தில் உதிர்தன்மை கூடி, கொட்டைப் பருப்புகளின் சுவை தோன்றும். வாயில் நறநறக்கும் வெள்ளைப் புள்ளிகளைப் பலர் உப்பு என எண்ணுவர். அவை புரதம் சிதைவதால் உண்டாகும் டைரோசின் படிகங்கள். 36 மாதத்தில் கட்டி நன்கு உலர்ந்து, காரச் சாயலுடன் இருக்கும். இளையதிலிருந்து முதிர்ந்ததற்குச் செல்வதே முறை.

இரண்டு செய்திகளை நம் வாசகர்கள் அறிந்திருப்பது நல்லது. பாலிலுள்ள லாக்டோஸ் சர்க்கரையை நுண்ணுயிர்கள் முதல் இரண்டு நாட்களிலேயே தின்று தீர்த்துவிடுவதால், இதில் லாக்டோஸ் கிட்டத்தட்ட இல்லை. மறுபுறம், கன்றின் ரென்னட் கட்டாயம் என்பதால் இதைச் சைவ உணவாகக் கருத முடியாது. இந்த விதிக்கு விலக்கு இல்லை.

தோலில் எழுதப்பட்ட வரலாறு

இன்று ஆண்டுக்குச் சுமார் 40 இலட்சம் உருளைகள் உற்பத்தியாகின்றன. கூடங்களின் எண்ணிக்கையோ சுமார் 300. ஒரு காலத்தில் ஆயிரத்திற்கும் மேற்பட்டவை இருந்தன. உற்பத்தி பெருகியிருக்கிறது, கூடங்கள் குறைந்து பெரிதாகியிருக்கின்றன. மலைக்கிராமம் ஒன்றில் கூடம் மூடப்பட்டால், சுற்றியுள்ள சில மாடுகள் மட்டும் உள்ள விவசாயிக்குப் பாலை எங்கே ஊற்றுவது என்ற கேள்வி எழும். சில ஆண்டுகளில் தொழுவமும் காலியாகும், புல்வெளியில் புதர் மண்டும்.

ஒவ்வோர் உருளையின் தோலிலும் கூடத்தின் எண், செய்யப்பட்ட மாதம், ஆண்டு ஆகியவை பொறிக்கப்பட்டிருக்கும். கூடத்தைப் பார்க்கச் செல்பவர் சுவைப்பதற்கு முன் அதை ஒரு முறை படித்துப் பார்க்கலாம். புள்ளிகளில் உள்ள இரட்டைப் பெயர் 1938இன் முடிவு. புள்ளிகளாக அது எழுதப்பட்டிருப்பது 1964இன் முடிவு. வடிவம் துறவிகளுடையது. கூட்டுறவுக் கூடமாக இருந்தால், அந்த எண் அங்கு பால் ஊற்றும் விவசாயிகளுடையது. கூடம் இருக்கும் வரை அந்த எண்ணும் இருக்கும்.